கடலுக்குப் போகும் காவிரி: எது வீண், எது தேவை?

மேட்டூர் அணை 120 அடியைத் தொடும் ஆண்டுகளில் ஒரு செய்தி தவறாமல் வரும். உபரி நீர் கொள்ளிடத்தில் திறந்துவிடப்பட்டது, இத்தனை டிஎம்சி வீணாகக் கடலில் கலந்தது என்று. படிக்கிற விவசாயிக்கு வயிறு எரியும். அதில் நியாயமும் இருக்கிறது. 2022இல் மே 24ஆம் தேதியே மேட்டூரைத் திறந்தார்கள். அந்த ஆண்டு கொள்ளிடத்தில் வெள்ளம் புரண்டோடியது. அடுத்த ஆண்டு, வழக்கமான ஜூன் 12இல் திறந்தும் கடைமடையில் குறுவை காய்ந்தது. அக்டோபர் 10ஆம் தேதி அணையை மூடிவிட்டார்கள். போன வருஷம் ஓடியதில் கொஞ்சம் இந்த வருஷத்துக்கு இருந்திருக்கக் கூடாதா என்று கேட்பவரை யாரும் குறை சொல்ல முடியாது.

இதற்கு நேர் எதிராக இன்னொரு குரலும் உண்டு. ஆறு கடலில் சேர்வது இயற்கை, அதில் கை வைக்காதே என்பது அது. தொலைக்காட்சி விவாதங்களில் இந்த இரண்டு தரப்பையும் எதிரெதிரே உட்கார வைத்துவிட்டால் ஒரு மணி நேரம் ஓடிவிடும். டெல்டாவின் வரைபடத்தை யாரும் மேசையில் விரிக்க மாட்டார்கள். விரித்துப் பார்த்தால், எவ்வளவு தண்ணீர் கடலுக்குப் போகிறது என்ற கேள்வியோடு இன்னும் இரண்டு கேள்விகளைச் சேர்த்துக் கேட்க வேண்டியிருப்பது தெரியும். எந்த முகத்துவாரம் வழியாகப் போகிறது? எந்த மாதத்தில் போகிறது?

முதலில் அளவைப் பார்த்துவிடுவோம். ஆற்றில் வினாடிக்கு ஒரு லட்சம் கனஅடி ஓடினால், ஒரு நாளைக்கு 8.64 டிஎம்சி. மேட்டூரின் முழுக் கொள்ளளவு 93.47 டிஎம்சி. அதாவது, காலியாகக் கிடக்கும் மேட்டூரே அந்த வேகத்தில் பதினோரு நாளில் நிரம்பிவிடும். டெல்டாவின் பெரிய ஏரியான வீராணத்தின் கொள்ளளவு 1.465 டிஎம்சி. அந்த வெள்ளத்தை அப்படியே திருப்ப முடிந்தால் வீராணம் சுமார் நான்கு மணி நேரத்தில் தளும்பும். ஆனால் திருப்ப முடியாது. அணைக்கரையிலிருந்து வீராணத்துக்குத் தண்ணீர் கொண்டுபோகும் வடவாறு சில ஆயிரம் கனஅடிக்கு மேல் தாங்காது. வினாடிக்கு 2,000 கனஅடி என்று வைத்துக்கொண்டால் ஏரி நிரம்ப எட்டு நாளுக்கு மேல் பிடிக்கும். அதற்குள் வெள்ளம் கடலைச் சேர்ந்திருக்கும்.

அந்த ஒரு நாள் வெள்ளத்தைச் சமவெளியில் தேக்க ஆறு வீராணம் வேண்டும். சோழர்கள் வெட்டிய அந்த ஒரு ஏரிக்கே இன்று எத்தனை பேர் காத்திருக்கிறார்கள் என்று பாருங்கள். சுமார் 45,000 ஏக்கர் பாசனம் ஒரு பக்கம். 2004 முதல் சென்னைக்கு நாளொன்றுக்கு 18 கோடி லிட்டர் என்ற கணக்கில் குழாய் வழியே போகும் குடிநீர் இன்னொரு பக்கம். சென்னையின் அந்தப் பங்கு மட்டும் ஆண்டு முழுவதும் தடைபடாமல் போனால் 2.3 டிஎம்சி ஆகிறது. ஏரியின் கொள்ளளவைவிட அதிகம். ஏரியை ஆண்டுக்கு ஒரு தடவைக்கு மேல் நிரப்பினால்தான் இது நடக்கும். தட்டையான டெல்டாவில் இன்னும் ஐந்து வீராணத்துக்கு இடம் தேடினால் நெல் வயல்களைத்தான் மூழ்கடிக்க வேண்டும்.

கொள்ளிடத்தின் குறுக்கே கட்டும் கதவணைகளைப் பற்றியும் இங்கேயே சொல்லிவிடலாம். ஆதனூர்–குமாரமங்கலம் போன்ற கதவணைகள் பயனற்றவை அல்ல. சுற்றுவட்டாரத்தில் நிலத்தடி நீரை உயர்த்தும், கீழிருந்து ஏறும் உப்பை ஓரளவு தடுக்கும். ஆனால் ஆற்றுக்குள் தேங்குவது ஒரு டிஎம்சியைக்கூட எட்டாது. கோடைக்கு உதவும் தேக்கம் அது. வெள்ளம் வந்தால் எல்லா ஷட்டர்களையும் தூக்கிவிட்டு வழிவிட்டுத்தான் ஆக வேண்டும். ‘கதவணை கட்டினால் ஒரு சொட்டும் கடலுக்குப் போகாது’ என்று மேடையில் பேசுபவர்கள் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்ததில்லை.

இனி வாயில்கள். திருச்சிக்கு மேற்கே முக்கொம்பில் காவிரியிலிருந்து கொள்ளிடம் பிரிகிறது. அதன் பாதை குறுகியது, சரிவு அதிகம். விட்டால் தண்ணீர் முழுக்க அதில்தான் இறங்கும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அப்படித்தான் தஞ்சைப் பக்கம் ஆறு வறண்டுகொண்டே வந்தது. அதைத் தடுத்துக் காவிரிக்குள் நீரைத் தள்ளத்தான் ஆர்தர் காட்டன் 1836இல் அங்கே மேலணை கட்டினார். அந்த அணையின் ஒன்பது மதகுகள் 2018 ஆகஸ்ட் 22இல் உடைந்து விழுந்தன. மணல் அள்ளி அள்ளிப் படுகை தாழ்ந்ததால் வந்த வினை என்று அப்போது டெல்டா முழுக்கப் பேச்சு. கீழே கல்லணையில் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய் என்று பாசன ஆறுகள் பிரிகின்றன. இவற்றில் கரை தாங்கும் அளவுக்குத்தான் தண்ணீர் விட முடியும். வெள்ளம் முழுவதும் கொள்ளிடத்துக்குத்தான். பூம்புகாரில் கடலைத் தொடும் காவிரியைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அது அங்கே ஒரு வாய்க்கால் அகலத்துக்குத்தான் இருக்கும். பெரிய ஆறு கடலில் சேர்வது வடக்கே, பழையாறு பக்கம்.

டெல்டாவின் பெரிய ஈரநிலங்களோ தெற்கே இருக்கின்றன. முத்துப்பேட்டை அலையாத்திக் காடு, கோடியக்கரை, வேதாரண்யம் சதுப்பு. 2002இல் தமிழ்நாட்டின் முதல் ராம்சார் தலமாக அறிவிக்கப்பட்ட கோடியக்கரைப் பகுதி மட்டும் 38,500 ஹெக்டேர். முத்துப்பேட்டைக்கு நன்னீர் கொண்டுவருவது வெண்ணாற்றின் கிளைகளான பாமணியாறும் கோரையாறும் அவற்றைச் சேர்ந்த சின்ன ஆறுகளும். கொள்ளிடத்தில் ஆகஸ்ட் மாதம் இரண்டு லட்சம் கனஅடி ஓடினாலும் அதில் ஒரு குடம்கூட முத்துப்பேட்டைக்கு வராது. கொள்ளிடத்துக்கும் வெள்ளாற்றுக்கும் நடுவே கிடக்கும் பிச்சாவரத்துக்கு அந்த வெள்ளத்தால் கொஞ்சம் கிடைக்கும்; தெற்குக்கு இல்லை. ‘கடலுக்குத்தான் இவ்வளவு போகிறதே, ஈரநிலத்துக்குத் தனியாக வேறு விட வேண்டுமா?’ என்ற கேள்வி இந்த இடத்தில் அடிபட்டுப்போகிறது.

கொள்ளிட வெள்ளத்துக்கு வேறு வேலைகள் உண்டு. முகத்துவாரத்தில் சேரும் மணல்திட்டை உடைத்து வழி திறப்பது அதுதான். படுகை மணலுக்கடியில் நன்னீரை இறக்குவதும் அதுதான். கொள்ளிடப் படுகையில் போட்ட கிணறுகளை நம்பி எத்தனை கூட்டுக் குடிநீர்த் திட்டங்கள் ஓடுகின்றன! வண்டலையும் மணலையும் கடலோரத்துக்குக் கொண்டு சேர்ப்பதும் அதே வெள்ளம். டெல்டா என்பதே ஆறு கொட்டிய மண். மேலே அணைகள் வண்டலைப் பிடித்து வைத்துக்கொள்கின்றன, நடுவில் லாரிகள் மணலை எடுத்துக்கொள்கின்றன. மிச்சம் மீதி வருவதையும் நிறுத்தினால் கடற்கரை எதைக் கொண்டு தன்னைச் சரிசெய்துகொள்ளும்?

தெற்கு ஈரநிலங்களின் கதையை ஒரு கடைமடை நீரொழுங்கியின் மேல் நின்று பார்த்தால்தான் விளங்கும். வரிசையாக இரும்பு ஷட்டர்கள், மேலே சக்கரம் சுற்றும் மேடை, பக்கத்தில் அடிக்கணக்கு எழுதிய கல். மேற்குப் பக்கம் ஆற்று நீர். கிழக்குப் பக்கம் கடல் ஓதம் ஏறி இறங்கும் உப்புநீர். இந்தக் கடற்கரையில் ஓதத்தின் ஏற்ற இறக்கம் ஒரு மீட்டருக்குள்தான். நிலம் அவ்வளவு தட்டையாக இருப்பதால் அந்த ஒரு மீட்டருக்குள்ளேயே எல்லாம் தீர்மானமாகிவிடுகிறது. குறுவை காலத்தில் ஷட்டர்கள் இறக்கியே இருக்கும். வருகிற கொஞ்சநஞ்சத் தண்ணீரைத் தேக்கிப் பாய்ச்ச வேண்டும், உப்பு ஏறிவிடவும் கூடாது. ஐப்பசி, கார்த்திகையில் கதை தலைகீழ். இந்தப் பகுதியின் ஆண்டு மழையில் பெரும்பகுதி அந்த நாட்களில்தான் கொட்டுகிறது. மேல்மடையில் வடியும் தண்ணீரும் சேர்ந்து இங்கேதான் வந்து நிற்கும். டெல்டாவில் ஒரு ஊரின் வடிகால் அடுத்த ஊரின் பாசன ஆறு; கடைசி ஊருக்கு அடுத்து கடல்தான்.

சம்பா நாற்று மூழ்கிக் கிடக்கிறது, ஷட்டரைத் தூக்கு என்று விவசாயி நிற்பார். தூக்கலாம், ஆனால் அந்த நேரத்தில் அமாவாசை ஓதம் ஏறியிருந்தால் வெளியே போவதற்குப் பதில் உப்புநீர் உள்ளே வரும். வற்றம் தொடங்கும்வரை காத்திருந்து தூக்கி, ஏற்றம் தொடங்குமுன் இறக்க வேண்டும். நாளுக்கு இரண்டு முறை, நடுராத்திரியாக இருந்தாலும். இதைச் செய்கிறவர் ஒரு லஸ்கர். அவருடைய கையில் கணினி கிடையாது. ஓத நேரத்தை மீனவரிடம் கேட்டுத் தெரிந்துகொள்வார். கடைமடையில் லஸ்கர் பணியிடங்கள் காலியாகக் கிடக்கின்றன என்று விவசாயச் சங்கங்கள் நெடுங்காலமாகச் சொல்லி வருகின்றன. கோடிக்கணக்கில் செலவழித்து நீரொழுங்கியைப் புதுப்பித்துவிட்டு, சக்கரத்தைச் சுற்ற ஆள் போடாமல் விடுவது நம் ஊர் வழக்கம்.

அந்தச் சக்கரம் வயலுக்கு மட்டும் சுற்றுவதில்லை. கிழக்கே காத்திருக்கும் அலையாத்திக் காட்டின் உப்பளவையும் அதுதான் தீர்மானிக்கிறது. முத்துப்பேட்டைக் காட்டில் நிறைந்திருப்பது பெரும்பாலும் ஒரே மரம், கண்ணா மரம் என்று ஊரில் சொல்லும் வெண்கண்டல். சேற்றிலிருந்து பென்சில் நட்டதுபோல் மேல்நோக்கி மூச்சுவேர் விடும். உறிஞ்சிய உப்பை இலை வழியே வெளித்தள்ளும். இலையை நக்கிப் பார்த்தால் கரிக்கும். அவ்வளவு தாங்குகிற மரம் என்பதால்தான் அது மட்டும் மிஞ்சியிருக்கிறது. பிச்சாவரத்தில் தோரணமாக இறங்கும் வேர்களோடு நிற்கிற சுரபுன்னை இங்கே அரிது. தை மாதத்தோடு நன்னீர் வரத்து நின்றுவிட, உப்பங்கழி வெயிலில் சுண்டிச் சுண்டி, சித்திரை, வைகாசியில் கடலைவிட உப்பாகிறது. உப்பு தாங்கும் மரத்தின் கன்றுக்கும் முதல் சில மாதங்களுக்கு உப்பு குறைந்த சேறு வேண்டும். அதன் காய்கள் உதிர்வதும் பருவமழையை ஒட்டித்தான். அந்த நாட்களில் ஆறு எவ்வளவு தூரம் உள்ளே வந்து உப்பைத் தள்ளுகிறது என்பதைப் பொறுத்தே அடுத்த தலைமுறைக் காடு.

இறாலும் அப்படியே. கடலில் பொரித்த குஞ்சு கழிமுகத்துக்கு வந்து, உப்பும் நன்னீரும் கலந்த சேற்றில் வளர்ந்து, மறுபடி கடலுக்குப் போகிறது. மடவையும் கொடுவாயும் இதே போக்குவரத்தில்தான் பிழைக்கின்றன. மழை பொய்த்த வருஷத்தில் கழியில் மீன்பாடு எப்படி என்று கேட்டால் முத்துப்பேட்டையிலும் அதிராம்பட்டினத்திலும் எந்த மீனவரும் சொல்லுவார். ஆற்று நீர் கடலில் வீணாகிறது என்ற பேச்சில் இவர்கள் எப்போதும் கணக்கில் வருவதில்லை.

காடு அழிவதைத் தடுக்க நல்ல வேலைகளும் நடந்திருக்கின்றன. பிச்சாவரத்தில் ஆங்கிலேயர் காலத்திலிருந்து பாளம் பாளமாக மரம் வெட்டியதில் நிலம் நடுவே குழிந்து, ஓதத்தில் வந்த நீர் திரும்பிப் போகாமல் தேங்கி, உப்பேறி, மொட்டைத் திடலாகிவிட்டது. எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் சேர்ந்து மீன்முள் வடிவத்தில் கால்வாய் வெட்டி, ஓதம் வந்துபோக வழி செய்து, கன்றுகள் நட்டன. காடு திரும்பியது. முத்துப்பேட்டையிலும் அந்த முறை கைகொடுத்தது. ஆனால் ஒன்றைப் பிரித்துப் பார்க்க வேண்டும். கால்வாய் வெட்டினால் கடல்நீர் வந்துபோகும். தேங்கி முறுகிய உப்பு கடலின் அளவுக்குக் குறையும். அதற்குக் கீழே குறைய ஆற்று நீர்தான் வேண்டும். 2018 நவம்பர் 16 அதிகாலை கஜா புயல் இந்தக் கரையைக் கிழித்துக்கொண்டு போனபோது முத்துப்பேட்டையிலும் கோடியக்கரையிலும் விழுந்த மரங்களுக்கு ஈடாகப் புதுக் காடு எழவும் அதே நன்னீர்தான் வேண்டியிருந்தது.

இந்த நன்னீருக்குச் சட்டத்தில் இடம் இல்லாமல் இல்லை. காவிரி நடுவர் மன்றம் 2007இல் தந்த இறுதித் தீர்ப்பு ஆற்றின் மொத்த நீரை 740 டிஎம்சி என்று வகுத்தது. மாநிலங்களுக்குப் பிரித்தது போக, சுற்றுச்சூழலுக்கு 10 டிஎம்சி, தவிர்க்க முடியாமல் கடலுக்குப் போவதாக 4 டிஎம்சி. உச்ச நீதிமன்றம் 2018 பிப்ரவரி 16இல் தமிழகத்தின் பங்கை 404.25 டிஎம்சியாகக் குறைத்தபோதும் இந்த 14ஐத் தொடவில்லை. மொத்தத்தில் இரண்டு சதவீதம்கூட இல்லை என்றாலும், ஆற்றுக்கும் ஒரு பங்கு உண்டு என்று எழுத்தில் வந்துவிட்டது. மாநில எல்லையிலுள்ள பிலிகுண்டுலுவில் கர்நாடகம் தர வேண்டிய 177.25 டிஎம்சிக்குள் அந்தப் பத்தும் அடக்கம். பிப்ரவரி முதல் மே வரை மாதத்துக்கு 2.5 டிஎம்சி என்பது அட்டவணை.

சிக்கல் அதற்குப் பிறகு. ஜனவரி 28இல் பாசனத்துக்கான மதகை மூடியபின் மேட்டூரிலிருந்து வருவது குடிநீர்த் தேவைக்கான அளவுதான். மாதம் 2.5 டிஎம்சியை அப்படியே திறந்தாலும் அது வினாடிக்கு ஆயிரம் கனஅடிக்குச் சற்றுக் குறைவு. கோடையில் காய்ந்து கிடக்கும் மணற்படுகையும் வழிநெடுகிலும் உள்ள குடிநீர்க் கிணறுகளும் குடித்தது போக முத்துப்பேட்டைக்கு என்ன மிஞ்சும்? ‘சுற்றுச்சூழலுக்காகச் சித்திரையில் மேட்டூரைத் திற’ என்று சூழலியல் ஆர்வலர்கள் சிலர் கேட்பதை அதனால் என்னால் ஏற்க முடியவில்லை. அது கடைமடை ஈரநிலத்தைச் சென்று சேராது. விவசாயியின் கோபத்தை மட்டும் சம்பாதிக்கும்.

ஈரநிலத்துக்கான தண்ணீரைத் தேட வேண்டிய இடம் டெல்டாவுக்குள்ளேயே இருக்கிறது. கார்த்திகையில் வயலை மூழ்கடித்து, இரண்டே வாரத்தில் வெளியேற்றப்படும் வடிகால் நீர்தான் அது. அதை ஒரே மூச்சில் கடலுக்குத் தள்ளாமல், கடைமடை ஏரி குளங்களிலும் தாழ்ந்த தரிசுகளிலும் கொஞ்சம் பிடித்து வைத்து, தை, மாசியில் சிறுகச் சிறுக விட்டால் உப்பங்கழியில் உப்பேறுவது சில வாரங்களாவது தள்ளிப்போகும். கோடைக் குடிநீர்க் கிணறுகளுக்கும் அது நல்லது. வேதாரண்யம் பக்கம் மணல்மேட்டு ஊற்றைத் தவிர மற்றக் கிணறெல்லாம் உப்பாக இருக்கும் ஊர்களில் இதன் அருமை தெரியும்.

தேக்கிவைத்த தண்ணீர் என்ன செய்யும் என்பதற்கு ஆதாரம் பக்கத்திலேயே இருக்கிறது. வடுவூரும் உதயமார்த்தாண்டபுரமும் 2022இல் ராம்சார் தலங்களாயின. அரியலூர் மாவட்டத்துக் கரைவெட்டி 2024இல். மூன்றும் பாசன ஏரிகள், மனிதன் வெட்டியவை. மேட்டூர் நீரையும் மழையையும் நம்பி நிற்பவை. உழவனுக்காகக் கட்டிய கரையில்தான் வெளிநாட்டு வாத்துகள் இறங்குகின்றன, இரை தேடுவது பக்கத்துச் சம்பா வயலில். விவசாயமா ஈரநிலமா என்று ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொல்பவர்கள் ஒரு தை மாதக் காலையில் வடுவூர் கரையில் நடந்துவிட்டு வரலாம். அதற்காக எல்லாம் சுமுகம் என்றும் இல்லை. ஏரியின் தண்ணீர் நீர்வளத் துறைக்கு, பறவை வனத்துறைக்கு; மதகை எப்போது இறக்குவது என்பதில் இருவரும் பேசிக்கொள்ளாத வருஷத்தில் பறவை கூடுகட்டும் நேரத்தில் தண்ணீர் வற்றிவிடும்.

எல்லா உப்பும் கடலிலிருந்து வருவதும் இல்லை. தொண்ணூறுகளில் நாகை மாவட்டக் கடலோரத்தில் இறால் பண்ணைகள் பெருகி, குட்டை நீர் வடிகால்களில் இறங்கி, நெல் வயல்களும் குடிநீரும் கெட்டபோது சர்வோதயத் தலைவர் ஜெகந்நாதன் உச்ச நீதிமன்றம் போனார். 1996 டிசம்பரில் வந்த தீர்ப்பு கடலோர ஒழுங்குமுறை மண்டலத்தில் அத்தகைய பண்ணைகளுக்குத் தடை போட்டது. பிறகு 2005இல் வந்த சட்டம் அந்தத் தொழிலை அனுமதி முறைக்குள் கொண்டுவந்தது. வடிகாலில் என்ன விடப்படுகிறது என்று பார்க்காமல் எவ்வளவு நன்னீர் விட்டும் பயனில்லை என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

நடைமுறையில் தடையாக இருப்பது பணத்தைவிட நிர்வாகப் பழக்கம். மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் விவசாயிகள் குறைதீர் கூட்டம் ஒரு நாள், மீனவர் குறைதீர் கூட்டம் வேறொரு நாள். ஒரே நீரொழுங்கியைப் பற்றி இரண்டு கூட்டத்திலும் மனு வருகிறது. ஒருவர் ஷட்டரைத் தூக்கவில்லை என்கிறார். மற்றவர் தூக்கிய நேரம் சரியில்லை என்கிறார். மேட்டூர் திறப்பு அறிவிப்பில் எந்த மாவட்டத்தில் எத்தனை ஏக்கர் பாசனம் பெறும் என்று பட்டியல் வருகிறது. முத்துப்பேட்டை, கோடியக்கரை, வடுவூர் என்று ஒரு வரி அதில் வந்து நான் படித்ததில்லை.

திருவாரூர், நாகை மாவட்ட ஆட்சியர்கள் இதைச் சரிசெய்யப் புதுச் சட்டம் எதுவும் வேண்டாம். ஒவ்வோர் ஆண்டும் பருவமழைக்கு முன், செப்டம்பர் கடைசியில், விவசாயி, மீனவர், நீர்வளத் துறை, வனத்துறை நால்வரையும் ஒரே அறையில் உட்கார வையுங்கள். எந்த நீரொழுங்கி எந்த ஓதத்துக்குத் திறக்கும், எந்த ஏரியில் தை மாதம்வரை எவ்வளவு அடி நிற்க வேண்டும், உப்பளவை யார் அளப்பது என்று எழுதி, அந்தத் தாளை ஷட்டர் மேடையில் ஒட்டுங்கள். காலியான லஸ்கர் பணியிடங்களை மழைக்கு முன் நிரப்புங்கள்.